அவன் யாரிடமும் சொல்லவில்லை

அந்த ஊரில் மழைக்கு யாரும் ஒதுங்குவதில்லை, மேடம். எனக்கு முதலில் அதுதான் ஆச்சரியமாக இருந்தது. தூறல் விழுந்துகொண்டே இருக்கும், ஜனங்கள் பாட்டுக்குச் சைக்கிளில் போய்க்கொண்டே இருப்பார்கள். கோட்டு போட்ட ஆபீசர்கள், பிள்ளையை முன்னால் பெட்டியில் உட்காரவைத்த தாய்மார்கள், என்னைவிட வயதான கிழவிகள். பெல்ஜியத்தில் கென்ட் என்று ஒரு பழைய ஊர். என் மகள் எழில்மதி அங்கே பல்கலைக்கழகத்தில் விதைகளைப் பற்றி ஆராய்ச்சி செய்கிறாள்.

என்னைப் பற்றி நீங்கள் விசாரித்திருப்பீர்கள். நைனார்பாளையம் கண்ணாயிரம் என்றால் கோபமே வராதவர் என்று சொல்வார்கள். மக்காச்சோளமும் மரவள்ளியும் போடுகிறேன். ஊரில் ஏதாவது தகராறு என்றால் பேசித் தீர்க்க என்னைத்தான் கூப்பிடுவார்கள். யாரையும் நான் கைநீட்டி அடித்ததில்லை. என் மனைவி கமலாவைக் கல்யாணமான புதிதில் ஓரிரு தடவை அடித்திருக்கிறேன். அது குடும்பத்துக்குள் நடப்பது.

எழில்மதி ஒருநாள் போனில் சொன்னாள், கவியரசன் என்று ஒரு பையன், அதே பல்கலைக்கழகத்தில்தான் இருக்கிறான், அவனைக் கட்டிக்கொள்ளப் போகிறேன் என்று. எந்த ஊர் என்று கேட்டேன். நம்ம பக்கம்தாம்பா, உளுந்தூர்பேட்டைக்கிட்ட களமருதூர் என்றாள். களமருதூரில் எந்தத் தெரு என்று கேட்டேன். சொன்னாள். அதற்குமேல் நான் ஒன்றும் கேட்கவில்லை. அவனுக்கு அப்பா இல்லை. அம்மா பச்சையம்மாள் நடவுக்கும் களையெடுக்கவும் கூலிக்குப் போகிறவள்.

நான் ஜாதி பார்க்கிறவன் இல்லை, மேடம். அதை முதலிலேயே எழுதிக்கொள்ளுங்கள். நேரில் போய்ப் பேசி முடித்துவிடலாம் என்றுதான் கமலாவைக் கூட்டிக்கொண்டு விமானம் ஏறினேன். பேசி முடிப்பது என்றுதான் அப்போது மனதில் இருந்தது.

போன இடத்தில் அவன் எனக்கு இடமே கொடுக்கவில்லை. ஏர்போர்ட்டில் பெட்டியைத் தூக்கிக்கொண்டான். என்னை சார் என்றான். நான் உட்காரும்வரை உட்காரமாட்டான். குறை சொல்ல ஏதாவது கிடைக்குமா என்று பார்த்துக்கொண்டே இருந்தேன். எழில்மதி, "இந்த ஊர சைக்கிள்லதாம்பா பாக்கணும். கைடு ஒருத்தவங்க கூட வருவாங்க. கதையெல்லாம் சொல்லிக்கினே கூட்டினு போவாங்க" என்று எங்கள் பெயரைப் பதிந்துவிட்டாள். கமலாவுக்கு மூட்டுவலி, அறையிலேயே இருந்துகொண்டாள்.

கைடு ஒரு சின்னப் பெண். லோத்தா என்று பெயர். பல தேசத்துக்காரர்கள் வந்திருந்தார்கள். எனக்குக் கொடுத்த சைக்கிள் ஒட்டகம் மாதிரி உயரம். லோத்தா இங்கிலீஷில் ஏதோ விளக்கினாள், எல்லோரும் தலையாட்டினார்கள், நானும் ஆட்டினேன். கவியரசன் பக்கத்தில் வந்து, யாருக்கும் கேட்காத குரலில், "சார், இதுல கையில பிரேக் கெடையாது. பெடல பின்னால மிதிச்சா நின்னுடும். மெதுவாவே வாங்க சார், நான் ஒங்க பின்னாடியே வர்றேன்" என்றான். நான் தலையாட்டியது பொய் என்று அவனுக்குத் தெரிந்திருந்தது. அதை அவன் காட்டிக்கொள்ளவில்லை.

ஊர் அழகுதான். ஆற்றின் இரண்டு கரையிலும் படிப்படியாக உச்சி வைத்த பழைய கட்டடங்கள். அந்தக் காலத்தில் ஆற்று வழியாக வரும் தானியத்தில் ஒரு பங்கை இந்தத் துறையில் இறக்கிவிட்டுத்தான் போகவேண்டுமாம். எந்தக் காலத்திலும் தானியம் விளைவிக்கிறவனுக்கு இதே கதைதான் என்று நான் சொன்னேன். கவியரசன் அதை இங்கிலீஷில் சொல்ல, எல்லோரும் சிரித்தார்கள். எனக்குச் சந்தோஷமாகக்கூட இருந்தது.

அப்புறம் லோத்தா ஒரு கதை சொன்னாள். வரி கட்டமாட்டோம் என்று இந்த ஊர்க்காரர்கள் ஒரு காலத்தில் எதிர்த்து நின்றார்களாம். ராஜா படையோடு வந்து, ஊர்ப் பெரிய மனுஷர்களை எல்லாம் வெறுங்காலோடு, கழுத்தில் தூக்குக் கயிற்றை மாட்டிக்கொண்டு, தெருவில் நடக்கவைத்து மன்னிப்புக் கேட்க வைத்தாராம். இன்றைக்கும் இந்த ஊர்க்காரர்கள் திருவிழாவில் அந்தக் கயிற்றைப் பெருமையாக மாட்டிக்கொள்கிறார்களாம். கவியரசன் இதைச் சிரித்துக்கொண்டே எனக்குத் தமிழில் சொன்னான். எனக்குச் சிரிப்பு வரவில்லை. பெரிய மனுஷன் தெருவில் அப்படி நடந்ததை நாலு பேர் பார்த்துவிட்டால், அதற்குப் பிறகு பெருமை எங்கிருந்து வரும்?

கடைவீதிச் சதுக்கத்துக்கு வந்தோம். கல் பாவிய தரை, மழையில் வழுக்கியது. தரையோடு தரையாக டிராம் ஓடுகிற தண்டவாளம். என் முன்சக்கரம் அந்த இடுக்கில் போய் மாட்டிக்கொண்டது. விழுந்தேன். சைக்கிள் என் காலின் மேல் கிடந்தது, காலை எடுக்க முடியவில்லை. டிராம் மணியடித்துக்கொண்டே வந்தது. உதவிக்கு எந்தப் பாஷையில் கூப்பிடுவது என்று தெரியவில்லை. சுற்றிலும் கல் கட்டடங்கள். என் பெயரைக் கேட்டால் வழிவிடுகிற ஒருவர்கூட அங்கே இல்லை.

அவன்தான் ஓடிவந்தான். அக்குளில் கைகொடுத்து என்னை இழுத்து வெளியே போட்டான். டிராம் அந்தச் சைக்கிளின் மேல் ஏறி நின்றது.

இப்போது சொல்லப்போவதை நான் யாரிடமும் சொன்னதில்லை, மேடம். நான் நனைந்திருந்தேன். மழையில் இல்லை. பயத்தில் ஐந்து வயதுப் பிள்ளை மாதிரி போய்விட்டிருந்தேன். வெளிர் நிறப் பேண்ட், எல்லாம் தெரிந்தது. அவன் பார்த்துவிட்டான். எழில்மதி கத்திக்கொண்டு ஓடிவருவதற்குள் தன் நீளமான மழைக்கோட்டைக் கழற்றி என் இடுப்பைச் சுற்றிக் கட்டினான். எல்லோருக்கும் கேட்கும்படி, "முழுக்க நனைஞ்சிட்டீங்க சார், வாங்க உள்ள போலாம்" என்றான். ஒரு காபிக் கடையின் கழிப்பறைக்குக் கூட்டிக்கொண்டு போய், தான் மேலே போட்டிருந்த மழைப் பேண்ட்டைக் கழற்றிக் கதவுக்கு அடியில் நீட்டினான். என் ஈரத் துணியைத் தானே வாங்கிப் பைக்குள் சுருட்டி வைத்துக்கொண்டான். முட்டிக்காயத்தைக் கழுவி விட்டான். நான் அழுதேன் என்று நினைக்கிறேன். அவன் என் கையைப் பிடித்துக்கொண்டு, "ஒண்ணும் இல்ல சார். எல்லாருக்கும் ஆவுறதுதான்" என்றான்.

சார்னு சொல்லாத, மாமான்னு கூப்பிடு என்று நான்தான் சொன்னேன். யாரும் என்னைக் கட்டாயப்படுத்தவில்லை.

அன்றைக்கே கல்யாணத்துக்குச் சம்மதம் சொல்லிவிட்டேன். எழில்மதி என்னைக் கட்டிக்கொண்டு விடவேயில்லை. கமலா மட்டும் தனியாகக் கூப்பிட்டு, "இன்னாங்க, நெசமாவா சொல்றீங்க?" என்றாள். நெசமாகத்தான் சொன்னேன்.

ஊருக்கு வந்த பிறகுதான் தூக்கம் போனது. வீடியோவில் அவர்கள் இரண்டு பேரும் எங்களோடு பேசுவார்கள். அவன் எதற்காவது சிரித்தால், அதை நினைத்துத்தான் சிரிக்கிறானா என்று தோன்றும். அவன் வணக்கம் மாமா என்றால், எந்தக் கண்ணால் என்னைப் பார்த்துக்கொண்டு சொல்கிறான் என்று தோன்றும். எழில்மதியிடம் சொல்லியிருப்பான் என்றுதான் நினைத்தேன். கமலாவை விட்டுக் கேட்கச் சொன்னேன். கேட்டுவிட்டு வந்து, "மழையில வழுக்கி வுழுந்துட்டீங்கன்னு சொல்லுச்சு. வேற ஒண்ணும் அதுக்குத் தெரியல. ஏன், வேற இன்னா ஆச்சு?" என்றாள்.

அவன் சொல்லியிருந்தால் விஷயம் அன்றோடு முடிந்திருக்கும். எல்லோரும் ஒருதடவை சிரித்திருப்பார்கள், நானும் சிரித்துவிட்டு அவனைப் பேசத் தெரியாதவன் என்று திட்டியிருப்பேன். அவன் சொல்லவில்லை. அதைப் பத்திரமாக வைத்துக்கொண்டிருந்தான். அந்தத் தெருவிலிருந்து வந்த ஒருவன் என் மானத்தைத் தன் பையில் சுருட்டி வைத்துக்கொண்டு, நாளைக்கு என் வீட்டுக் கூடத்தில் என் எதிரில் உட்கார்ந்து சாப்பிடுவான். நான் சாகும்வரை அவன் நல்லவனாகவே இருப்பான். ஒருவன் எப்படி அதைத் தாங்குவான், சொல்லுங்கள்.

கல்யாணம் பேச பச்சையம்மாள் எங்கள் வீட்டுக்கு வந்தாள். நான்தான் நாற்காலி போடச் சொன்னேன். வாசலில், வேப்பமர நிழலில், நல்ல காற்று. கமலா காகிதக் கப்பில் காபி கொடுத்தாள். அந்த அம்மா நாற்காலி விளிம்பில் உட்கார்ந்துகொண்டு, "புள்ள ஒங்களப் பத்திப் பேசுனா வாய் மூடாதுங்க. எங்கப்பா இருந்தா இப்பிடித்தாம்மா இருப்பாருன்னு சொல்லுதுங்க" என்றாள். அவள் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன். இவளுக்குத் தெரியுமா, தெரிந்துகொண்டுதான் இவ்வளவு பணிவாகப் பேசுகிறாளா என்று. அந்த முகத்தில் எதையும் கண்டுபிடிக்க முடியவில்லை.

கல்யாணத்துக்காகக் கென்ட்டிலிருந்து இரண்டு பேரும் வந்தார்கள். எழில்மதியும் கமலாவும் புடவை எடுக்கக் கள்ளக்குறிச்சிக்குப் போயிருந்தார்கள். அவன் களமருதூரிலிருந்து எங்கள் வீட்டுக்கு வந்தான். நீ இருக்கிற ஊரை எனக்குச் சைக்கிளில் காட்டினாய், எங்க மலையை நான் உனக்குக் காட்டுகிறேன் என்றேன். அவன் முகம் மலர்ந்துவிட்டது. "அப்ப இன்னிக்கி நீங்கதான் கைடு மாமா" என்றான். இரண்டு சைக்கிளை லோடு வண்டியில் ஏற்றி, கச்சிராயபாளையம் வழியாக வெள்ளிமலைக்குப் போனோம். வண்டியைத் திருப்பி அனுப்பிவிட்டேன். இறங்கும்போது மிதிக்கவே வேண்டாம், சும்மா உட்கார்ந்தால் போதும் என்றேன்.

அன்றைக்கு நான் நல்ல கைடாகத்தான் இருந்தேன். கடுக்காய் மரத்தைக் காட்டினேன். சாமைக் காட்டைக் காட்டினேன். மலைக்காரர்கள் பலாப்பழம் விற்கிற இடத்தில் சுளை வாங்கிக் கொடுத்தேன். பெரியார் அருவியில் அவன் குளித்தான். அவன் அம்மா மலைக்குப் போகவேண்டாம் என்று தடுத்தாளாம், குளித்துக்கொண்டே சத்தமாகச் சொன்னான். "அம்மாவுக்கு எல்லாத்துக்கும் பயம் மாமா. நான் ஒங்க கூடத்தான் போறேன்னு சொன்னேன்."

அவன் தண்ணீரில் நிற்கும்போதுதான் அவன் சைக்கிளின் பிரேக் கம்பியை இரண்டு பக்கமும் தளர்த்தினேன். கழன்றதா, கழற்றியதா என்று உங்கள் ஆட்கள் சந்தேகப்பட்டார்களாம். கழற்றியதுதான். திருகாணி இறுக்கமாக இருந்தது. ஸ்பேனரை வீட்டிலிருந்தே எடுத்துப் போயிருந்தேன்.

இறக்கத்தில் அவனை முன்னால் போகவிட்டேன். வளைவுகள் வரும், பார்த்துப் போப்பா என்றுகூடச் சொன்னேன். முதல் வளைவை எப்படியோ காலை ஊன்றித் திருப்பிவிட்டான். அடுத்த வளைவில் ஒருபக்கம் தடுப்புச் சுவர் இடிந்து கிடக்கும். அங்கே போய்விட்டான். சத்தம் பெரிதாக இல்லை.

நான் சைக்கிளை நிறுத்திவிட்டுச் சுவரின் மேல் உட்கார்ந்தேன். கீழே புதருக்கு நடுவில் அவன் சட்டை தெரிந்தது. உயிர் இருந்தது. பேசினான். நான் பதறிப்போய் இறங்கிவிடுவேன் என்று நினைத்தான்போல. "மாமா, நீங்க எறங்காதீங்க, சறுக்கும். மேலயே இருங்க. யாரையாவது கூப்புடுங்க" என்றான். அப்போதும் எனக்கு அடிபடக் கூடாது என்றுதான் பார்த்தான். கடைசிவரை அவன் அப்படித்தான்.

பைக்கில் ஒருவர் வந்தார். மலைக்காரர், பின்னால் மூட்டை. நிறுத்தி, "இன்னா பெரியவரே, சைக்கிள் ரிப்பேரா?" என்றார். வாய் திறந்தால் போதும், கயிறு கட்டி இறங்க ஆட்கள் வந்திருப்பார்கள். எனக்கும் அது தெரியும். என் கால் எழவில்லை, மேடம். உண்மையைச் சொல்ல வாயும் வரவில்லை. டிராம் வரும்போது கிடந்தேனே, அதே மாதிரிதான். "இல்லப்பா, மூச்சு வாங்குது, அதான் ஒக்காந்துக்கினு இருக்கேன்" என்றேன். தண்ணி வேணுமா என்று கேட்டு, வேண்டாம் என்றதும் போய்விட்டார்.

கீழே அவன் அந்தப் பைக் சத்தத்தைக் கேட்டிருப்பான். அது தூரமாகப் போவதையும் கேட்டிருப்பான். அதற்குப் பிறகு அவன் மாமா என்று கூப்பிடவில்லை. அம்மா என்று கொஞ்ச நேரம். அப்புறம் அதுவும் இல்லை. நிழல் சரிந்து அந்தப் பக்கத்து மலைக்குப் போகும்வரை நான் அங்கேயே உட்கார்ந்திருந்தேன். குரல் நின்றபோது எனக்கு நிம்மதியாக இருந்தது என்று எழுதாதீர்கள். அமைதியாக இருந்தது, அவ்வளவுதான்.

தூக்கிவிட்டவனையா இப்படிச் செய்தாய் என்று நீங்கள் கேட்டீர்கள். தூக்கிவிட்டதால்தான், மேடம். வேறு எவனாவது தூக்கியிருந்தால், ஒரு வெள்ளைக்காரன் தூக்கியிருந்தால், நன்றி சொல்லிவிட்டு வந்திருப்பேன். ஆனால் ஜாதிக்காகச் செய்தேன் என்று மட்டும் எழுதவேண்டாம். அது உண்மை இல்லை. நான்தான் கொன்றேன், தெரிந்துதான் கொன்றேன், வேறு யாருக்கும் இதில் பங்கில்லை என்று எழுதுங்கள். படித்துப் பார்த்துவிட்டுக் கையெழுத்துப் போடுகிறேன்.

எழில்மதி வெளியே பெஞ்சில், அந்தப் பச்சையம்மாளின் தோளில் சாய்ந்து உட்கார்ந்திருப்பதாக ஏட்டு சொன்னார். காலையிலிருந்து ஒன்றும் சாப்பிடவில்லையாம். அவளை உள்ளே வரச் சொல்லுங்கள். கோபம் இருக்கும், நான் பேசினால் கேட்டுக்கொள்வாள். பாவம், இனி அவளுக்கு என்னை விட்டால் வேறு யார் இருக்கிறார்கள்?