ஓஸ்வால்டோட இடது கண்ணு

இல்ல முனிராஜ், இப்ப உள்ள போகாதீங்க. டோரீன் ஜெபமாலை சொல்லிக்கிட்டிருக்கு. ஓஸ்வால்டோட ஏழாம் நாள் பூசைக்கு வந்த பொம்பளைங்க அத்தனை பேரும் அந்த ஒரு ஹால்லதான் முழங்கால் போட்டிருக்காங்க. மாலைல அம்பத்து மூணு மணியும் உருட்டி முடியணும், அப்புறம் மன்றாட்டு, அப்புறம்தான் காப்பி. அரை மணி ஆவும். இப்படி பெஞ்சுல உக்காருங்க. பட்டர்ஃப்ரூட் மரத்து நெழல் இருக்கு.

பையைக் கீழ வைங்க, பரவால்ல. உள்ள என்னன்னு தெரியும். கப்போட காது துணியில முட்டிக்கிட்டிருக்கே. அவனை ஜெயிச்சு வாங்கி, பதிமூணு வருசமா நீலசந்திரால உங்க வீட்டு ரேடியோ மேல இருந்த கப்பு. அதை டோரீன் கைல குடுத்து மன்னிப்பு கேக்கலாம்னு வந்திருக்கீங்க.

எப்படித் தெரியும்னா, அடக்கத்தன்னிக்கு நீங்களே சொன்னீங்களே. கல்லறைல மண்ணு போடும்போது, உன் கண்ணைக் கெடுத்தவன் நான், உன் ஆட்டத்தை முடிச்சவன் நான்னு. நான் பின்னாடிதான் நின்னுக்கிட்டிருந்தேன். நான் எப்பவும் பின்னாடி நிக்கறவன்தானே.

அந்தச் சண்டையைப் பத்தி உங்களுக்கு நான் என்ன சொல்றது. அம்பத்து மூணாம் வருசம், மைசூர் ஸ்டேட் லைட்வெயிட் பாக்ஸிங் சாம்பியன்ஷிப், பத்து ரவுண்டு. பரேட் மைதானத்துல பந்தல் போட்டு, நாலாயிரம் பேர். உங்க ஆளுங்க நீலசந்திராலேர்ந்து தப்பட்டையோட வந்தாங்க. எங்காளுங்க கோட்டு போட்டுக்கிட்டு விசில் அடிச்சாங்க. இன்னிக்கும் கன்டோன்மென்ட்ல எந்த சலூன்ல உக்காந்தாலும் அந்தப் பேச்சு வருது. முனிராஜோட இடது கை மாதிரி வருமா, ஓஸ்வால்டு விலாவுல குடுப்பான் பாரு அது மாதிரி வருமான்னு. ஓஸ்வால்டு மூலைல ஒருத்தன் பக்கெட்டும் ஸ்பாஞ்சும் வெச்சுக்கிட்டு நின்னானே, அவனை யாரும் கேக்கறதில்ல. நீங்க உங்க மூலைலேர்ந்து பாத்தீங்க. எங்க மூலைலேர்ந்து பாத்தது நான் ஒருத்தன்தான்.

ஓஸ்வால்டும் நானும் ரிச்சர்ட்ஸ் டவுன்ல ஒரே தெரு. அவனுக்குப் பதினெட்டு, எனக்கு இருபத்தஞ்சு. அன்னிலேர்ந்து அவன் கைக்குத் துணி சுத்தினது நான். சும்மா இல்ல, கைக்கு நாலு கெஜம். கட்டைவிரல்ல ஆரம்பிச்சு, மணிக்கட்டுல மூணு சுத்து, விரல் இடுக்குல ஒவ்வொண்ணா. கொஞ்சம் இறுக்கமா போனா கை மரத்துடும், லூசா போனா எலும்பு போயிடும். அவன் கண்ண மூடிக்கிட்டுக் கைய நீட்டுவான். துணிய நானே தொவைச்சு, எங்க வீட்டுக் கொடியில காயப் போட்டு, நானே சுருட்டி வைப்பேன். டோரீன் வர்றதுக்கு முன்னாடியே ஓஸ்வால்டுக்கு ஒரு பொண்டாட்டி இருக்குன்னு பசங்க கிண்டல் பண்ணுவாங்க. டோரீனே சொல்லிச் சிரிக்கும். நானும் சிரிப்பேன்.

நானும் பாக்ஸரா இருந்தவன்தான். அது உங்களுக்குத் தெரியாதா? தெரிஞ்சிருக்காது. ஆறு சண்டை போட்டேன், ஆறும் தோத்தேன். அப்புறம்தான் ஆஸ்பத்திரில டிரெஸ்ஸர் வேலை. காயம் கட்றது. குத்து வாங்கறவனைவிட அதைத் தைக்கறவனுக்கு மரியாதை ஜாஸ்தி, என்ன சொல்றீங்க.

ஏழாவது ரவுண்டு ஞாபகம் இருக்கா? எங்க மூலைல நீங்க வழுக்கி விழுந்தீங்களே, அது. அந்த ஈரம் என்னுது. பக்கெட்டை அவசரமா இழுத்ததுல தண்ணி கேன்வாஸ்ல சிந்திடுச்சு. நீங்க ஒரு முட்டி போட்டீங்க. வேற எவனா இருந்தாலும் எந்திரிக்கும்போது ஒண்ணு குடுத்திருப்பான். ஓஸ்வால்டு குனிஞ்சு, கக்கத்துல கை குடுத்து உங்களைத் தூக்கினான். தூக்கும்போது உங்க காதுகிட்ட வாய வெச்சு ஏதோ சொன்னான். நீங்க சிரிச்சீங்க. பல்லுல வெச்ச ரப்பர் வெளிய தெரியற அளவுக்குச் சிரிச்சீங்க. ஜனம் எல்லாம் எந்திரிச்சு கை தட்டுது. எனக்கு மூணு முழ தூரம்தான், ஒண்ணும் கேக்கல.

மணி அடிச்சது. ஸ்டூல்ல உக்கார வெச்சு, என்னடா சொன்னே அவன்கிட்டன்னேன். ஒண்ணுமில்லடா, தண்ணி குடுன்னான். இடது புருவத்துல கிழிஞ்சிருந்துச்சு, அதுல படிகாரம் வெச்சு அமுத்தறேன். அவன் என்னைப் பாக்கல. என் தோளுக்கு மேல, எதிர் மூலைல உங்களைப் பாக்கறான். என்னமா ஆடறான் பாத்தியாடா, இவன்கூட ஆடத்தான்டா நான் பொறந்தேங்கறான்.

ரத்தம் என் விரல்ல. அவன் அங்க பாக்கறான்.

அப்புறம் நடந்தது ஊருக்கே தெரியும். ஒன்பதாவதுல புருவம் திரும்பக் கிழிஞ்சுச்சு, தோல்விய ஒத்துக்கறோம்னு நான் டவலை ரிங்குக்குள்ள போட்டேன். ரெஃப்ரி உங்க கைய தூக்கினாரு. நாற்காலியெல்லாம் பறந்துச்சு. ஓஸ்வால்டு ஓடி வந்து என்னடா ரெமின்னான். கண்ணுடான்னேன். இன்னொரு குத்து விழுந்திருந்தா கண்ணு போயிருக்கும்னேன். டிரெஸ்ஸர் சொன்னா யாரு எதுத்துப் பேசப் போறா. ரெண்டு நாள் முகத்தைத் தூக்கி வெச்சுக்கிட்டிருந்தான். மூணாம் நாள் வந்து கட்டிப் புடிச்சுக்கிட்டான். அதுக்கப்புறம் எந்தக் கல்யாண வீட்டுக்குப் போனாலும், இந்தக் கண்ணு ரெமிஜியஸ் குடுத்ததுன்னு எல்லார்கிட்டயும் சொல்லுவான். டோரீன் இப்ப உள்ள சொல்ற ஜெபத்துலயும் என் பேர் இருக்கும். கேட்டுப் பாருங்க.

நீங்க என்ன பண்ணீங்க? அடுத்த வாரமே ரெண்டு டஜன் முட்டையோட வந்து நின்னீங்க. அப்புறம் ஞாயித்துக்கெழமை ஆனா இந்த மரத்தடில நீங்களும் அவனும். என் கைக்கு வேலையே இல்லாம போச்சு. நான் வந்தா, வாடா ரெமி, குத்கோ, உக்காருன்னு சொல்லிட்டு அவன் உங்க பக்கம் திரும்பிக்குவான். அந்தச் சண்டையோட ஒவ்வொரு ரவுண்டையும் திரும்பத் திரும்ப ஆடுவீங்க. டீ கப்பை வெச்சுக் காட்டுவீங்க. நான் தண்ணி சிந்தினதை மட்டும் சொல்ல மாட்டீங்க. தப்பா நெனைக்காதீங்க, நான் உங்களைக் குறை சொல்லல. போன சனிக்கெழமைகூட, உசுரு போறதுக்கு மொத நாளு, நாளைக்கு முனி வருவான், நல்ல மட்டனா பாத்து வாங்கிட்டு வாடான்னு என்னைத்தான் அனுப்பினான். வாங்கிட்டு வந்தேன். நல்ல மட்டன்தான்.

இருங்க, எந்திரிக்காதீங்க. இன்னும் மன்றாட்டு இருக்கு.

கப்பை டோரீன்கிட்ட தாராளமா குடுங்க. ஆனா கண்ணைப் பத்தி ஒரு வார்த்தை பேசாதீங்க, முனிராஜ். அந்தச் சண்டைக்கப்புறம் நீங்க யாரையும் முகத்துல முழு பலத்தோட அடிக்கலேன்னு பேசிக்கிட்டாங்க. நெசமா? ம். அப்படித்தான் நெனச்சேன். அதுக்கு அவசியமே இல்லாம இருந்துச்சு. அந்தக் கண்ணுக்கு ஒண்ணும் ஆகல. புருவத்துல அரை இஞ்சு தோல், அவ்வளவுதான். மொத நாளே எனக்குத் தெரியும், நான் தானே தைச்சேன். மறு வருசம் நீங்க ரெண்டு பேரும் இன்னொரு தடவை ஆடணும்னு கேட்டீங்களே, அப்பவும் டார்ச் அடிச்சுப் பாத்துட்டு கண்ணு தாங்காது, வேணாம்டான்னு சொல்லி அவன் ஆட்டத்தையே நிறுத்தினேன். கண்ணாடி மாதிரி இருந்துச்சு கண்ணு.

அவன் ஜெயிச்சுக்கிட்டிருந்தான். மூணு ஜட்ஜ்ல ரெண்டு பேர் சீட்டுல அவன்தான் முன்னாடி. டவல் கண்ணுக்காகப் போட்டதில்ல. ஒன்பதாவதுல நீங்க ரெண்டு பேரும் ஒருத்தரை ஒருத்தர் அடிச்சுக்கிட்டே சிரிச்சீங்க, அதுக்குப் போட்டது. அது நின்னாப் போதும்னு இருந்துச்சு. உங்களைப் பிரிக்கப் போட்ட துணி. அதுவே உங்களை ஞாயித்துக்கெழமைதோறும் இங்க கூட்டிட்டு வந்து உக்கார வெச்சிடுச்சு. பல நாள் படுத்துக்கிட்டு நானே என்னைக் கேட்டிருக்கேன், கொஞ்சமாவது கண்ணை நெனச்சுத்தான் போட்டியாடான்னு. இல்ல.

அடிக்கணும்னா அடிங்க. இந்த வயசுல ஏழாவது தோல்வி ஒண்ணும் பெருசில்ல.

அடிக்கலேன்னா, ஒண்ணே ஒண்ணு சொல்லுங்க. அன்னிக்கு உங்களைத் தூக்கும்போது காதுல என்ன சொன்னான்? பதிமூணு வருசம் அவன்கிட்ட திரும்பக் கேக்கலாம் கேக்கலாம்னு கேக்காம விட்டுட்டேன். இனிமே உங்ககிட்ட மட்டும்தான் இருக்கு அது.

மெதுவா சொல்லுங்க, உள்ள கேக்கும்.

என்னது?

கோவிச்சுக்காதே, எங்க ரெமி தண்ணி சிந்திட்டான், அவன் எப்பவும் இப்படித்தான், எனக்காக ரொம்பப் பதறுவான்னா?

என் பேரையா சொன்னான்?