லைப்ரரி மேடத்துக்குப் பதிப்பு பொருந்திய மடல்

பழுதுக்குப் பெயர் சொல்லும் பண்பாளரே! பதிப்பெண் பிறழாத பாதுகாவலரே! கூடத்தின் கூச்சலுக்கு அப்பால், கோப்புகளின் கூட்டத்துக்கு நடுவே, இருபத்தாறு ஆண்டுகள் ஒற்றை ஆளாய் ஓய்வின்றி உழைத்த உத்தமரே! எங்கள் அனைவராலும் 'லைப்ரரி மேடம்' என்று அழைக்கப்பெறும் அம்மையீர், வணக்கம்!

மாலையும் மேடையும் ஒலிபெருக்கியும் மூன்றாம் மாடி அரங்கில் காத்திருக்க, நாங்கள் பதினொரு பேரும் உங்கள் பின்னறை வாசலில் நெருக்கியடித்துக்கொண்டு நின்று இம்மடலை வாசிக்கிறோம். பணிநிறைவு விழாவுக்கு வரமாட்டேன் என்று நீங்கள் சொல்லிவிட்டீர்கள். சொன்னதில் நியாயம் இருக்கிறது. அந்த நியாயத்தையும் இங்கேயே எழுதிவைக்கிறோம். சட்டம் போட்டு மாட்டுகிற மடலில் இப்படியெல்லாம் எழுதுவார்களா என்று அச்சகத்தார் கேட்டார், கேட்டுவிட்டுப் போகட்டும்.

முதலில் உங்கள் பணியைச் சொல்ல வேண்டும். எங்களிலேயே பாதிப் பேருக்குச் சென்ற வாரம் வரை அது சரியாகத் தெரியாது. நாம் எழுதும் கணினி நிரல்கள் வாடிக்கையாளரிடம் போகும்போது, சுமை குறையட்டும் என்று அவற்றுள் இருக்கும் பெயர்களையும் வரி எண்களையும் உருவி எடுத்துவிடுகிறோம். பல நிரல்களும் பொதுவில் பயன்படுத்தும் லைப்ரரிகளுக்கும் அதே கதிதான். உருவியெடுத்தவை, பிழை தேடும் வேலைக்கான டீபக் கோப்புகளாக உங்களிடம் வந்து சேரும். இரட்டைப் பிள்ளைகளில் ஒன்று ஊரெல்லாம் சுற்றப் போக, மற்றொன்று வீட்டோடு தங்கிவிடுவதைப் போல! வெளியே போனது எங்கேனும் தடுக்கி விழுந்தால், எங்களுக்கு வருவது வெறும் எண்கள். அதே பதிப்பெண் கொண்ட உங்கள் கோப்பைப் பக்கத்தில் வைத்தால்தான் எந்தப் பகுதி, எந்த வரி, யாருடைய கைப்பிழை என்பது தெரியும். பதிப்பு மாறிப்போனாலோ, கோப்பு கூசாமல் பொய் சொல்லும்; தவறான வரியைக் காட்டி, தவறு செய்யாத ஆளுக்குத் திட்டு வாங்கிக் கொடுக்கும்.

மறக்க முடியுமா அந்த இரத்தப் பரிசோதனைக் கூடத்து விவகாரத்தை! அங்கே ஓடிய நம் நிரலின் ஒன்பது ஆண்டுப் பழைய பதிப்பு, நாள்தோறும் பதினொரு மணிக்கு மேல் படுத்துக்கொண்டது. நோயாளிகள் முடிவுக்காக வரிசையில் காத்திருந்தார்கள். நாங்கள் இரண்டு நாள் தலையைப் பிய்த்துக்கொண்டோம். ஐந்தாண்டுக்கு மேற்பட்ட கோப்புகளை அழித்துவிடுமாறு மேலிடம் உங்களுக்கு மூன்று முறை எழுதியிருந்தது. மூன்று முறையும் 'ஆவன செய்கிறேன்' என்று பணிவாகப் பதில் எழுதிவிட்டு, ஒன்றைக்கூட அழிக்காமல் வைத்திருந்தீர்கள்! உங்களிடம் கேட்ட அரை மணியில் வரி எண் வந்தது. அன்று மாலை எங்கள் பணிக்கூடத்தில் இனிப்பு வழங்கினோம், கைதட்டினோம், படம் எடுத்துக்கொண்டோம். உங்களை யாரும் கூப்பிடவில்லை. மறந்துவிட்டோம் என்றுகூடச் சொல்ல முடியாது, நினைத்திருந்தால்தானே மறப்பதற்கு.

இத்தகைய உங்களுக்கு நாங்கள் எழுதிய முதல் மடல் இது அன்று. சென்ற ஆண்டு ஓய்வுபெற்ற கொள்முதல் மேலாளருக்கு வாசித்த மடலை எடுத்து, 'ஐயா' இருந்த இடமெல்லாம் 'அம்மையீர்' என்று போட்டு, வேலை முடிந்தது என்று எழுந்துவிட்டோம். எதை எழுதினாலும் பிழை பார்க்க உங்களுக்கே அனுப்பிப் பழகிய கை, பழக்கதோஷத்தில் அதையும் உங்களுக்கே அனுப்பிவைத்தது. 'மேடை அதிர முழங்கும் அரிமாவே, பேரப்பிள்ளைகள் சூழப் பொலியும் பெருவாழ்வே' என்றெல்லாம் உங்களைப் பாடியிருந்தோம். ஓரிடத்தில் 'முறுக்குமீசை முதல்வரே' என்பதை மாற்றவே மறந்துபோனோம். கால் மணியில் உங்கள் பதில் வந்தது: "எழுத்துப்பிழை மூணு, திருத்திட்டேன். ஆனா இது வேற பதிப்போட கோப்பு, எனக்குப் பொருந்தல. மீசையும் இல்ல, பேரப்பிள்ளையும் இல்ல. விழாவுக்கு நான் வரல. சாவியைக் காவலாளிகிட்ட குடுத்துட்டுப் போயிடறேன்."

முதலில் சிரித்தோம். இரண்டாம் முறை வாசித்தபோது ஒருவருக்கும் சிரிப்பு வரவில்லை. இந்த முறையாவது ஒழுங்காக எழுதுவோம் என்று உட்கார்ந்தால், பதினொரு பேரிடமும் சேர்த்து உங்களைப் பற்றி நான்கு வரிகூடத் தேறவில்லை.

ஆகவே செவ்வாய்க்கிழமை எங்களில் இருவர் உங்கள் அறைக்கு வந்தோம். திரையிலிருந்து கண்ணை எடுக்காமலே "எது விழுந்துச்சு?" என்று கேட்டீர்கள். "எதுவும் விழல மேடம், சும்மாதான் வந்தோம்" என்றோம். நீங்கள் நம்பவில்லை. "பரவால்ல, கூச்சப்படாம சொல்லுங்க. எந்தப் பதிப்பு?" என்றீர்கள். நாங்கள் உண்மையிலேயே சும்மா வந்திருக்கிறோம் என்பது புரிந்ததும், இன்னொரு நாற்காலியின் மேலிருந்த பையை எடுத்துக் கீழே வைத்தீர்கள். அந்த ஒரு நாற்காலியில் எங்களில் யார் உட்காருவது என்று தெரியாமல் இருவரும் நின்றுகொண்டே பேசினோம்.

உங்களைப் புத்தக அறைக்காரர் என்று எண்ணி, புதிதாகச் சேர்ந்தவர்கள் நாவல் கேட்டுக் கதவைத் தட்டிய கதை இங்கே எல்லோருக்கும் தெரியும். வந்தவரை வெறுங்கையோடு அனுப்ப மனமின்றி, வீட்டிலிருந்து பதினான்கு புத்தகங்கள் கொண்டுவந்து அடுக்கினீர்கள். கொடையுள்ளம் என்று அதைக் கொண்டாட நினைத்திருந்தோம். நீங்களோ, "கொடையெல்லாம் ஒன்னுமில்ல. வாங்கிட்டுப் போனா, திருப்பிக் குடுக்கவாவது இன்னொரு தடவை வருவாங்கல்ல?" என்று சொன்னீர்கள். அவற்றில் ஒன்பது, பல ஆண்டுகளாக எங்கள் மேசை இழுப்பறைகளில் கிடக்கின்றன. வெட்கமாக இருக்கிறது, அம்மையீர்.

விடைபெறும் நேரத்தில், இனி வீட்டில் எப்படிப் பொழுது போகும் என்று வாய்தவறிக் கேட்டுவிட்டோம். "தங்கச்சி ரொம்ப தூரத்துல இருக்கா, அவ முழிச்சிருக்கிற நேரம் நான் தூங்கற நேரம். ஞாயித்துக்கிழமை ஆனா, செல்லுல இருந்து என் வீட்டு ஃபோனுக்கு நானே ஒரு ரிங் விட்டுப் பாப்பேன். ரொம்ப நாளா அடிக்கலையே, லைன் செத்துப்போச்சோன்னு சந்தேகம். நல்லாத்தான் அடிக்குது" என்றீர்கள். சோதனை முடிவைச் சொல்லும் அதே குரலில் சொன்னீர்கள். அந்த எண்ணைக் கேட்டு எழுதிக்கொண்டோம். இத்தனை ஆண்டுகளில் எங்களில் ஒருவரிடமும் அது இருக்கவில்லை.

வாழ்த்த வேண்டிய இடத்துக்கு வந்துவிட்டோம். சுற்றம் சூழ வாழ்க என்பது அடுத்தவர் மடலின் வரி. அதை உங்களுக்குச் சூட்ட எங்களுக்கு உரிமை இல்லை. கண்ணொளி குன்றாமல், கால்வலி அண்டாமல், உண்ட உணவு உடலில் ஒட்டி, உறக்கம் ஒருநாளும் குறையாமல், நெடுங்காலம் நீங்கள் நலத்தோடு இருக்க வேண்டும் என்று நெஞ்சார விழைகிறோம்! இருபத்தாறு ஆண்டுகளாக எங்கள் தவறுகளை வரி எண்ணோடு கண்டுபிடித்துச் சொன்னவர் நீங்கள். ஒன்றை மட்டும் நாங்களே கண்டுபிடித்து, உங்கள் முன் நின்று சொல்கிறோம்.

உங்கள் வீட்டுத் தொலைபேசியில் பழுதில்லை, அம்மையீர். பழுது எங்களிடம்தான் இருந்தது.

இங்ஙனம்,
உங்கள் வாசலில் நிற்கும் பதினொருவர்,
நிரல் உருவாக்கப் பிரிவு