பதினைந்தில் பத்து

காளான் அறைக்குள் போகிறவர்கள் செருப்பை வெளியே விட்டு, காலைக் கழுவிக்கொள்ள வேண்டும் சார். போகும்போது சொல்லலாம் என்று இருந்தேன். நீங்கள் உட்கார்ந்ததுமே என் கணவர் எங்கே என்று கேட்டுவிட்டதால், அதை முதலில் முடித்துவிடலாம்.

அவர் நல்ல மனிதர். ஊர் மன்றத்தின் தலைவராக அவரை எல்லோருக்கும் தெரியும். தலைவராக இல்லாதபோது எப்படி இருப்பார் என்பது எனக்கு மட்டும்தான் தெரியும். முன்பு ஒரு தேர்தலில் தோற்று, ஒரு பதவிக்காலம் முழுவதும் வீட்டில் இருந்தார். சமையலறை டப்பாக்களை உயரவாரியாக அடுக்கினார். நான் வெங்காயம் நறுக்கினால் பின்னால் வந்து நிற்பார்.

"ஏம்மா, இன்னும் கொஞ்சம் சின்னதா நறுக்கினா என்ன குறைஞ்சா போயிடும்?"

அதையெல்லாம் பொறுத்துக்கொண்டேன். ஆனால் காளான் அறை இருட்டாக, ஈரமாக, மூடியே இருக்க வேண்டும். அவர் நினைத்தபோதெல்லாம் கதவைத் திறந்து வைப்பார். "பாவம், அதுங்களுக்கும் காத்து வேணாமா?" என்பார். வைக்கோல் பைகளில் பச்சைப் பூஞ்சை பிடித்தது. மூன்று அறைகளும் வீணாயின. அடுத்த தேர்தலில் வீடு வீடாகப் போய் அவருக்கு ஓட்டுக் கேட்டது நான்தான். ஒவ்வொரு வாசலிலும் கண் கலங்கினேன். அதைப் பாசம் என்று எடுத்துக்கொண்டார்கள். ஜெயித்தார். வீடு அமைதியானது.

பிறகு தெருவிளக்கு விவகாரத்தில் நம்பிக்கையில்லாத் தீர்மானம் வந்தது. அவரையும் சேர்த்து மன்றத்தில் பதினைந்து பேர். பதினொரு பேர் அவருக்கு எதிராகக் கையெழுத்துப் போட்டுவிட்டார்கள். நான் விதியைப் படித்தேன். தலைவரை இறக்க மூன்றில் இரண்டு பங்கு வேண்டும், அதாவது பத்து ஓட்டு. கூட்டத்துக்கு வந்தவர்களில் அல்ல, பதவியில் இருக்கும் மொத்த உறுப்பினர்களில். வராமல் இருப்பவர் நமக்கு ஓட்டுப் போட்ட மாதிரி. தீர்மானம் ஒருமுறை தோற்றால் ஒரு வருடத்துக்கு இன்னொன்று கொண்டுவர முடியாது. நன்றாக யோசித்து எழுதியிருக்கிறார்கள்.

அந்தப் பதினொன்றில் இரண்டு பேர் வராவிட்டால் போதும். முதலில் எனக்குத் தோன்றியது இப்போது நீங்கள் நினைப்பதுதான். வீட்டில் பூச்சிமருந்தும் இருந்தது. ஆனால் கணக்குப் போட்டுப் பார்த்தேன். இறந்தவரின் இடம் காலியாகிவிடும், மொத்தத்தில் சேராது. இரண்டு பேர் இறந்தால் மொத்தம் பதின்மூன்று, தேவை ஒன்பது ஓட்டு, அவர்களிடம் மீதி இருப்பதும் ஒன்பது. இவர் வீட்டுக்கு வந்துவிடுவார். ஆகவே அந்த இருவரும் உயிரோடு, நல்ல ஆரோக்கியத்தோடு இருக்க வேண்டும். கூட்டத்தில் மட்டும் இருக்கக் கூடாது. நாளைக்கு யாராவது என்னை ஈவிரக்கமற்றவள் என்று சொன்னால் இந்தக் கணக்கைக் காட்டுங்கள்.

கூட்டத்தன்று காலையில் மருந்துக்கடைக்காரரையும், கார் ஓட்டக் கற்றுக்கொடுக்கும் அக்காவையும் காளான் பார்க்கக் கூப்பிட்டேன். இருவரும் அந்தப் பதினொரு உறுப்பினர்களில் சேர்ந்தவர்கள். உள்ளே போனதும் வெளியே தாழ் போட்டேன்.

"தங்கச்சி, கதவு திறக்கலையே" என்றார் மருந்துக்கடைக்காரர்.

"ஈரத்துல ஊறிப்போச்சு அண்ணே. ஆசாரி வந்துட்டிருக்காரு. பையை மட்டும் தொட்டுடாதீங்க."

"சீக்கிரம்மா. போய் உன் புருஷனை இறக்கணும்" என்றார் அக்கா.

"அதனாலதான்க்கா எனக்கும் பதறுது."

மதியத்துக்கு மேல் நானே தாழை எடுத்தேன். ஆளுக்கு அரைக் கிலோ காளான் கொடுத்தேன். நன்றி சொல்லிவிட்டுப் போனார்கள். தீர்மானத்துக்கு ஒன்பது ஓட்டுதான் விழுந்திருந்தது.

அன்று இவர் சிரித்த முகமாக வந்து சாப்பிட உட்கார்ந்தார்.

"இனி ஒரு வருஷத்துக்கு ஒருத்தனும் என்னை அசைக்க முடியாது. அதனால நாளைக்கே ராஜினாமா பண்றேன். தள்ளிவிடுறதுக்கு முன்னாடி நாமளே இறங்கிடணும்மா, அதுதான் மரியாதை. இனிமே உன் காளானை நான் பார்த்துக்கறேன். முதல்ல அந்த ரூமுக்கெல்லாம் ஒரு ஜன்னல் வைக்கணும்."

ஜன்னலைப் பற்றி அவர் பேசாமல் இருந்திருக்கலாம்.

"எந்தப் பக்கம் வைக்கலாம்னு உள்ள வந்து பாருங்களேன்" என்றேன்.

ராஜினாமாவை நேரில் போய்க் கொடுத்தால்தான் செல்லும். அவர் போகவில்லை. தொடர்ந்து மூன்று கூட்டங்களுக்கு வராதவரின் பதவி போய்விடும், ஆனால் விடுப்பு கேட்டவருக்குப் போகாது. காய்ச்சல் என்று ஒவ்வொரு முறையும் நான் கேட்டுவிடுகிறேன். மக்கள் கொடுத்த பதவி பத்திரமாக இருக்கிறது.

மூன்றாவது அறை சார். கட்டில், போர்வை, வேளாவேளைக்குச் சாப்பாடு எல்லாம் உண்டு. சாயங்காலம் கதவுக்கு வெளியே நாற்காலி போட்டு உட்கார்ந்துகொள்வேன். அவர் உள்ளேயிருந்து ஏதோ சொல்வார். நான் வெங்காயத்தை என் இஷ்டத்துக்கு நறுக்குவேன். கல்யாணமான புதிதில்கூட எங்களுக்குள் இவ்வளவு ஒற்றுமை இருந்ததில்லை.

முதலில் கதவைத் தட்டிக்கொண்டிருந்தார். இப்போது பைகளுக்கு முன்னால் நின்று தெருவிளக்கைப் பற்றிப் பேசுகிறார். அந்த அறையில் விளைச்சல் கூடியிருக்கிறது. பேச்சுதான் காரணமா என்று ஓர் ஆளை வைத்துச் சொல்லிவிட முடியாது. ஒப்பிட்டுப் பார்க்க, பக்கத்து அறையில் பேசாத ஒருவர் வேண்டும்.

வந்ததிலிருந்து நீங்கள் அதிகம் பேசவேயில்லை, கவனித்தேன். செருப்பை இப்படி ஓரமாக விடுங்கள் சார்.