கப்பலுக்கும் ஒரு தொரை

ஒட்டுக் கேட்கிற பழக்கம் எனக்கு இல்லை. ஆனாலும் பஸ்ஸில் முன் சீட்டில் இருந்து பேசினால் காதில் விழத்தான் செய்யும். உல்லாசக் கப்பலில் அறை சுத்தம் செய்யும் ஒருவர், மறுபடி அந்த வேலைக்குக் கையெழுத்துப் போட இரத்தினபுரியிலிருந்து கொழும்புக்குப் போகிறார். றப்பர் தோட்டத்தில் பால் வெட்டும் அவர் மனைவி வழியில் குருவிட்டையில் இறங்க வேண்டும்.

“கப்பல் நெறைய ஆளு. ஆனா லாபம் இல்லங்குறாங்க.”

“ஆளு நெறைஞ்சா எப்புடிங்க லாபம் இல்லாம போகும்?”

“டிக்கெட்டு காசு எண்ணெய்க்கும் சாப்பாட்டுக்குமே போயிருதாம். வர்றவங்க உள்ள குடிச்சாத்தான் லாபமாம். செலவக் கொறைக்கணும்னு எங்க ஒவ்வொருத்தருக்கும் ரூம அதிகமாக்கிட்டாங்க.”

“றப்பர் வெல ஏறினப்பவும் செலவு கூடிருச்சுன்னுதான் எங்களுக்கு வெட்டுற மரத்தக் கூட்டினாங்க. ஒங்க தொரையும் எங்க தோட்டத்துத் தொரை மாதிரிதான். வேலைய முடிக்காட்டி அங்கயும் அரைப்பேரு போடுவாங்களா?”

“அரைப்பேரு போட்டு அரைச் சம்பளம் குடுக்குறதெல்லாம் அங்க இல்ல. முடிக்காட்டி அடுத்த தடவ கூப்பிட மாட்டாங்க.”

குருவிட்டை வந்தது. அவள் எழுந்தாள்.

“இங்க அரைப்பேரு போட்டாலும் சாயங்காலம் வீட்டுக்கு வந்துரலாம். எறங்குங்க, போவோம்.”

அவர் தன் குடையை எடுத்து அவள் கையில் கொடுத்தார்.

“நீயே வச்சுக்க. கப்பலுக்குள்ள மழை பெய்யாது.”

பஸ் கிளம்பியபோது முன் சீட்டில் அவர் மட்டும் இருந்தார்.