மேற்படி

— அண்ணே, அந்த டியூப்பைக் கீழ வைங்க! வச்சுட்டுக் கேளுங்க. கண்டுபிடிச்சுட்டேன்!

— கணக்குக்கார எண்ணம்மா, இது லேப். ஓடி வர்ற இடம் இல்ல. என் கையில இருக்கறது எவனோ ஒருத்தன் மூக்குச்சளி. கொட்டுச்சுன்னா நீதான் தொடைக்கணும்.

— தொடைக்கறேன், கழுவறேன், எல்லாம் செய்றேன். மணி என்ன?

— மூணே கால்.

— நாலு மணிக்குப் பெரிய டாக்டர் காய்ச்சல் வார்டை மூடச் சொல்லிக் கையெழுத்துப் போடப் போறார். ஃப்ளூ ஓஞ்சுபோச்சாம், இருபது கட்டிலும் சும்மா கெடக்காம். நம்ம கணக்கை வச்சுத்தான் போடறார். அந்தக் கணக்கே தப்பு அண்ணே!

— போன மாசமும் இதேதான் சொன்ன. ஊரே படுத்துடுச்சுன்னு குதிச்ச. கடைசியில பார்த்தா ஒரே கிளினிக் ஒரே தாளை ரெண்டு தடவை அனுப்பியிருந்தான். டாக்டர் என்னைத்தான் வாங்கு வாங்குன்னு வாங்கினார்.

— அது போன மாசம். இதைப் பாருங்க. அட்டைப்பெட்டி ஃபாக்டரி கிளினிக். இருமல் காய்ச்சல்னு எத்தனை பேர் வந்தாங்கன்னு வாரா வாரம் அனுப்பறாங்கல்ல? மொத வாரம் நாப்பத்தொண்ணு. அப்புறம் அஞ்சு வாரமும் கம்ப்யூட்டர்ல சைபர்.

— நல்ல விஷயந்தானே.

— அவங்க சைபர்னு எழுதவே இல்லண்ணே! அவங்க அனுப்பின தாளையே தேடி எடுத்தேன். எண்ணிக்கைக் கட்டத்துல என்ன இருக்கு, படிங்க.

— இரு, கண்ணாடியைப் போட்டுக்கறேன். 'மேற்படி.'

— அடுத்த வாரம்?

— மேற்படி. இதுவும் மேற்படி. அட, அஞ்சுமா?

— அஞ்சும்! நம்ம கம்ப்யூட்டருக்கு நம்பர்தான் தெரியும். எழுத்தைப் பார்த்தா சைபர்னு போட்டுட்டு அது பாட்டுக்குப் போயிடும்.

— அப்போ வாரத்துக்கு நாப்பத்தொண்ணா?

— ஆறு வாரம். இருநூத்தி நாப்பத்தாறு!

— பொறுமை, பொறுமை. ஃப்ளூன்னா ஒரு வாரம், மிஞ்சிப்போனா பத்து நாள்ல எறங்கிடும். அப்படின்னா ஒவ்வொரு வாரமும் புதுசா நாப்பத்தோரு பேர்... அடேங்கப்பா! இது எங்க ஓஞ்சுது? தலைதெறிக்க ஓடிட்டிருக்கு!

— அதைத்தானே தொண்டைத்தண்ணி வத்தக் கத்தறேன்! அங்க மொத்தமே முன்னூறு பேர்தான். எல்லாரும் ஒரே ஹாஸ்டல். மிச்சம் இருக்கறவங்க படுக்கறதுக்குள்ள அந்தக் கையெழுத்தைத் தடுக்கணும்.

— ஆனா ஒண்ணு இடிக்குதே. அங்கேருந்து வந்த பன்னெண்டு சாம்பிளையும் நான்தான் பார்த்தேன். ஒண்ணுல கூட ஃப்ளூ இல்ல.

— வெயில்ல வந்து கெட்டுப்போயிருக்கும். இடிக்குது, உரசுதுன்னுட்டு! எனக்குச் சந்தோஷமா இருக்கு. நோய்க்கு யாராவது சந்தோஷப்படுவாங்களான்னு கேக்காதீங்க. எட்டு வருஷமா உக்காந்து எண்ணறேன். மொத தடவையா என் எண்ணிக்கையால நாலு பேருக்குக் கட்டில் கெடைக்கப் போகுது.

— சரி, சரி. டாக்டர்கிட்ட போறதுக்கு முன்னாடி அந்த சிஸ்டர் வாயாலயே கேட்டுடுவோம். இன்னொரு தடவை என்னால திட்டு வாங்க முடியாது. ஸ்பீக்கர்ல போடு.

— போட்டாச்சு. ஹலோ, ஃபாக்டரி கிளினிக் சிஸ்டரா? காய்ச்சல் கணக்கு ஆபீஸ்லேருந்து பேசறேன்.

— சொல்லுங்கம்மா. தாள் வந்துச்சுல்ல? திங்கக்கிழமை ஆனா நான் தவறாம அனுப்பிடறேனே.

— வந்துச்சு, வந்துச்சு. அதுல மேற்படின்னு எழுதறீங்களே, அது நாப்பத்தொண்ணுதானே?

— ஆமாம்மா, நாப்பத்தொண்ணுதான்.

— கேட்டீங்களா அண்ணே! நான் ஓடறேன்!

— நில்லு, ஒரு நிமிஷம். சிஸ்டர், நான் லேப்லேருந்து. வாரா வாரம் புதுசா நாப்பத்தோரு பேரா வர்றாங்க?

— புதுசா யாரு சார் வந்தாங்க? வந்தா நம்பர் போட மாட்டேனா? மேற்படின்னா அதே ஆளுங்க சார். ஆறு வாரமா ஒருத்தருக்கும் இருமல் நிக்கல. என்னையும் சேர்த்துத்தான் நாப்பத்தொண்ணு.