அக்காவின் கன்னம்

அந்த டியூப்லைட்டை அணைத்துவிட்டால் நன்றாக இருக்கும். அதற்குக் கீழே உங்கள் முகம்கூடப் பிசைந்த மாவு மாதிரி தெரிகிறது. தப்பாக எடுத்துக்கொள்ளாதீர்கள், தொழில் புத்தி.

சின்னப் படங்களுக்கு ஒளிப்பதிவு செய்கிறவன் நான். விளக்குகளை வாடகைக்கு எடுக்க வக்கில்லாமல் ஜன்னல் வெளிச்சத்திலேயே எடுக்க ஆரம்பித்தேன். பிறகு அதையே என் பாணி என்றார்கள், நானும் நம்பிவிட்டேன். கொழுகொழுவென்று பளபளக்கும் முகங்களைப் பார்த்தால் எனக்குக் குமட்டும்.

கடைசிப் படத்தில் நடித்தது என் அக்கா. துணிக்கடையில் பில் போடுகிறவள், நடிப்பெல்லாம் தெரியாது. தைராய்டு அதிகமாகி, கன்னம் ஒட்டி, விழி பிதுங்கி இருந்தாள். அந்த முகத்தில் பக்கவாட்டில் வெளிச்சம் விழுந்தபோது டைரக்டர் அவளையே நடிக்க வைக்கலாம் என்றார். பணம் கிடைக்கும்போதெல்லாம் கொஞ்சம் கொஞ்சமாக எடுத்தோம். கதையோ ஒரே வாரத்தில் நடப்பது. முகம் மாறக் கூடாது.

அதற்குள் டாக்டர் கொடுத்த மாத்திரை வேலை செய்யத் தொடங்கியது. ஒருநாள் அக்கா சிரித்துக்கொண்டே வந்தாள்.

"தம்பி, என் கன்னத்தப் பாத்தியா? கொஞ்சம் தேறிட்டேன்ல?"

லென்ஸ் வழியாகப் பார்த்தேன். எலும்பு தெரிந்த இடத்தில் சதை வந்திருந்தது. அருவருப்பாக இருந்தது. அவள் மேல் இல்லை, அந்தச் சதையின் மேல். நன்றாக இருக்கிறது என்றுதான் சொன்னேன்.

அவளுக்கு மருந்து வாங்கித் தருவது எப்போதும் நான்தான். டப்பாவைக் காலி செய்து, அதே மாதிரி இருக்கும் சத்து மாத்திரைகளைப் போட்டு வைத்தேன். அவள் வேளை தவறாமல் விழுங்கினாள். கன்னம் மறுபடி ஒட்டியது. அவள் கை நடுங்கியது, அதை க்ளோசப்பில் எடுத்தேன். நெஞ்சு படபடக்கிறது, டாக்டரிடம் போகலாமா என்று கேட்டாள். ஒரு காட்சிதான் பாக்கி என்றேன்.

"சரிடா, உன் படம் கெட வேணாம்," என்று ஜன்னலோரம் போய் உட்கார்ந்தாள். காட்சி முடிவதற்குள் சரிந்துவிட்டாள். இதயம் தாங்கவில்லை என்றார்கள்.

அக்கா மகள் மூக்கு ஒழுக அழுததைப் பார்க்கச் சகிக்கவில்லை. "மாமா, அம்மா ஒருவேளகூட மாத்திரைய விட்டதில்லயே," என்றாள். மிச்சமிருந்த மாத்திரைகளை டாக்டரிடம் கொண்டுபோய்க் காட்டியதும் அவள்தான்.

மருந்தை நிறுத்தினால் உயிருக்கே ஆபத்து என்று டாக்டர் முன்பே என்னிடம் சொல்லியிருந்தார். தெரிந்தேதான் மாற்றினேன். கொன்றேன் என்றே வாக்குமூலத்தில் எழுதிக்கொள்ளுங்கள். அக்கா தேறி வந்தபோதே, கன்னத்தில் கொஞ்சம் கறுப்பு மை தடவினால் போதும், குழி விழுந்த மாதிரி தெரியும் என்று டைரக்டர் கெஞ்சினார். நான் சம்மதிக்கவில்லை. கூடப் பிறந்தவள் முகத்தில் பொய்யைப் பூச எனக்கு மனசு வரவில்லை.