தீவுக்குப் போன வெடிப்பெட்டி

வெம்பக்கோட்டை பஸ்ஸில் எனக்கு முன்சீட்டுக்காரர் சிரித்துக்கொண்டே சொன்னார்: “எம் மகளே நம்ம வெடிக்குத் தடை போட்டுட்டா, அண்ணாச்சி!”

பக்கத்திலிருந்தவர் திரும்பினார். “பட்டாசு வித்துத்தானய்யா அவளைப் படிக்க வச்சீக?”

“கடல்ல முங்கிப் பவளப்பாறை பாக்குற வேலைக்குச் சேந்தவ, இப்ப மன்னார் வளைகுடாத் தீவுகளுக்கே பெரிய ஆபீசர். அந்தச் சந்தோசத்துல, நம்ம வழக்கப்படி ஒரு பெட்டி சரவெடி கொண்டுபோனேன். ‘பறவை அடைகாக்குற நேரம்ப்பா’ன்னு படகுத்துறையிலயே திருப்பி அனுப்பிட்டா.”

“மனசு வலிக்கலையா?”

“பெருமையால்ல இருக்கு! இன்னைக்குச் சாயங்காலம் தாயில்பட்டியில நம்ம வாசல்லயே வெடிக்கப்போறோம். அவ தீவுல இருந்தே போன்ல கேப்பா. பறவைக்குக் கேட்டுரக் கூடாதுன்னு காதுல ஒயரை மாட்டிக்கிட்டு!”